நாற்சந்தியில் யார் முதலில் போவது?

நான்கு பக்கமும் கதவைத் திறந்து வைத்தும் காற்று நுழைய மறுக்கும் இந்த நடன மண்டபத்தில், ஆகஸ்ட் வெயிலை அட்டை விசிறியால் விரட்டிக்கொண்டு வீற்றிருக்கும் அவைத் தலைவர் அவர்களே! கவுண்டி மாவட்டத்து ஆணையராக எங்கள் சாலைகளை அகலப்படுத்திய அண்ணலே! அந்த அகலத்துக்காக என் வேலியோரத்து பெக்கான் கொட்டை மரத்தை வேரோடு சாய்த்த வித்தகரே! திரு. ஆல்வின் ரஸ்கா அவர்களே!

தலைவர் சிரிக்கிறார். சிரிக்கட்டும். மரம் சிரிக்கவில்லை.

வாரந்தோறும் எங்கள் பாவங்களைக் கேட்டும் மனம் தளராத பங்குத்தந்தை ஸ்தானெக் அவர்களே! விடியற்காலையிலேயே அடுப்பை மூட்டி, பழம் வைத்த கொலாச்சி ரொட்டிகளைத் தட்டுத் தட்டாகச் சுட்டுக் கொண்டுவந்த தாய்மார்களே! மூன்றாம் வரிசையில் தூணுக்குப் பின்னால் பாதி மறைந்தும் பாதி தெரிந்தும் அமர்ந்திருக்கும் கல்லூரி அறங்காவலர் அவர்களே! நான் லத்தீன் கற்பித்த துறையை இழுத்து மூடி, அந்தப் பணத்தில் கால்பந்துத் திடலுக்குப் புதுப்புல் விரித்த புண்ணியவானே! உங்களுக்கும் வணக்கம். கொஞ்சம் சின்ன வணக்கம். வெசெலா நகரத்தின் பெரியோர்களே, வண்டி ஓட்டத் தெரிந்தவர்களே, தெரிந்ததாக நினைப்பவர்களே, அனைவருக்கும் வணக்கம்!

முதல்முறையாக ஓட்டுநர் உரிமம் கேட்டு வரும் வயது வந்தவர்களுக்கு நான் இந்த மண்டபத்தில் பாதுகாப்பு வகுப்பு எடுக்கிறேன். சனிக்கிழமை ஆறு மணி நேரம். லத்தீன் நாவலர் சிசரோவைப் படித்த நாவு இன்று 'சிவப்பு விளக்கெரிந்தால் நில்' என்று சொல்கிறது. அதில் எனக்கு வருத்தம் உண்டா? உண்டு. மறைப்பானேன்?

நம் டெக்ஸஸ் மாநிலத்துச் சட்டத்தின் அழகைப் பாருங்கள். பதினெட்டு வயதானவர் வந்தால் வகுப்பில் உட்கார வேண்டும். இருபத்துநான்கு வயதானவரும் உட்கார வேண்டும். இருபத்தைந்து பிறந்துவிட்டதா? விருப்பமிருந்தால் உட்காரலாம், இல்லாவிட்டால் போகலாம்! பிறந்தநாள் கேக்கில் மெழுகுவர்த்தியை ஊதி அணைத்த அந்த நொடியிலேயே விவேகம் வானத்திலிருந்து இறங்கி விடுகிறதாம். எனக்கு ஐம்பத்திரண்டு. இன்னும் இறங்கவில்லை. தலைவருக்கு அறுபது. சரி, விட்டுவிடுகிறேன்.

அந்த இருபத்துநான்கில் வந்து சிக்கியவள்தான் நம் பெர்னடெட் ஹுருஷ்கா. பத்து வயதில் டிராக்டர் ஓட்டியவள். வைக்கோல் வண்டியைப் பின்பக்கமாகவே களஞ்சியத்துக்குள் நுழைப்பவள். ஆனால் அதெல்லாம் சொந்த நிலத்தில். தார்ச்சாலையில் ஏற உரிமம் இல்லை. நாற்பது மைலுக்கு அப்பால் இருக்கும் மருத்துவமனையில் அவளுக்குச் செவிலியர் உதவியாளர் வேலை கிடைத்தது. "இந்த மாசத்துக்குள்ள லைசென்ஸோட வாங்க. இல்லன்னா அடுத்த ஆளக் கூப்பிட்டுருவோம்" என்றார்கள். பேருந்து இல்லாத ஊர் இது. வேலை வேண்டுமானால் உரிமம் வேண்டும்.

அவள் மாமா என்ன சொன்னார் தெரியுமா? "அடுத்த மாசம் உனக்கு இருபத்தஞ்சு ஆயிரும். பேசாம இருந்தா வகுப்பே வேண்டாமே! அந்த வாத்தியார் மூஞ்சிய ஆறு மணி நேரம் யாரு பாக்குறது?"

"வேல அடுத்த மாசம் இருக்காது மாமா" என்றாள் அவள்.

வந்தாள், அமர்ந்தாள், கேட்டாள். கேள்வி கேட்ட ஒரே மாணவி அவள்தான். மற்றவர்கள் கேட்டதெல்லாம் சாப்பாடு எப்போது என்பது.

வகுப்பு முடிந்தது. வியாழக்கிழமை தேர்வு. நீதிமன்றக் கட்டடத்துக்கு வாரம் ஒருமுறை ஹூஸ்டனிலிருந்து வரும் தேர்வாளர் யுலாண்டா பிரைஸ் அம்மையார் பெர்னடெட்டின் பக்கத்தில் அமர்ந்தார். வண்டி தீவனக் கடை நாற்சந்திக்கு வந்தது. நான்கு பக்கமும் 'நில்' பலகை. முதலில் வந்து நின்றவர் முதலில் போக வேண்டும். இவ்வளவுதான் சட்டம். ஆனால் நம் ஊர்ச் சட்டம் எது? முதலில் வந்தவர் கையசைத்து அடுத்தவரைப் போகச் சொல்ல வேண்டும். அடுத்தவர் அவருக்கு அடுத்தவரைச் சொல்ல வேண்டும். இதை நாம் மரியாதை என்கிறோம்.

பெர்னடெட்தான் முதலில் வந்தாள். அவளுக்கு வலப்பக்கம் ஃபாதர் ஸ்தானெக். இடப்பக்கம் கசாப்புக்கடை ஃபெலிக்ஸ். எதிரே, சிகை அலங்காரம் முடித்துவிட்டு வந்த ஒட்டிலி யாண்டா அம்மையார், பெர்னடெட்டின் ஞானத்தாய்.

"போம்மா, நீ போ!" என்றார் ஃபாதர்.

"நீங்க போங்க ஃபாதர்!"

"ஒட்டிலி அக்கா போகட்டும்பா, வயசானவங்க!" என்றார் ஃபெலிக்ஸ்.

"யாருடா வயசானவ? எனக்கு ஒண்ணும் அவசரமில்ல. நீ போ!"

ஃபெலிக்ஸ் போனாரா? வண்டியை விட்டே இறங்கினார்! பெர்னடெட்டின் சன்னலில் சாய்ந்துகொண்டு, "அம்மாவுக்கு முழங்கால் எப்படிம்மா இருக்கு? சாசேஜ் புதுசா போட்டிருக்கேன், வாங்கிட்டுப் போகச் சொல்லு" என்றார். பின்னால் வண்டிகளின் வால் நீண்டது.

பிரைஸ் அம்மையார் பேனாவை மூடினார். "இது ரோடா, கல்யாண வீடாம்மா? போக்குவரத்தையே மறிச்சு வச்சிருக்கீங்க. தேர்ச்சி இல்ல."

அன்பால் தோற்கடித்தோம், அவையோரே! மரியாதையால் மண்ணைக் கவ்வ வைத்தோம்! இந்த ஊரில் யாரும் யாருக்கும் கெடுதல் செய்வதில்லை, என் மரத்துக்குச் செய்ததைத் தவிர. ஆனால் ஒரு பெண்ணின் பிழைப்பை ஊரே சேர்ந்து புன்னகையோடு பறித்தோம்.

அடுத்த வியாழன் அந்த மாதத்தின் கடைசித் தேர்வு நாள், அவளுக்குக் கடைசி வாய்ப்பு. நான் ஃபாதரிடம் சொல்லி, ஞாயிறு பூசையில் அறிவிப்புச் செய்ய வைத்தேன்: வியாழக்கிழமை காலை யாரும் நாற்சந்திப் பக்கம் போக வேண்டாம். அறிவித்தால் என்ன நடக்கும்? யாராவது போகிறார்களா என்று பார்க்க ஊரே போகும்! போனது. தீவனக் கடை வாசலில் மடக்கு நாற்காலி போட்டு, ஐஸ் தேநீரோடு அமர்ந்தது. போக வேண்டாம் என்று அறிவித்த ஃபாதரே வண்டியில் வந்தார்.

"அமைதியா இருக்காங்களான்னு பாக்க வந்தேன் வாத்தியாரே!"

நான் ஏன் போனேன் என்று கேட்காதீர்கள். ஃபாதரைத் தடுக்கப் போனேன்.

சந்திக்கு முதலில் வந்து நின்றது ஆணையர் ரஸ்கா. அடுத்து நான். பிறகு ஃபாதர். கடைசியாக, பிரைஸ் அம்மையாரோடு பெர்னடெட். ரஸ்கா அவளைப் பார்த்தார். ஊர் பார்ப்பதையும் பார்த்தார். ஓட்டு வாங்கும் கை அல்லவா? ஸ்டியரிங்கை விட்டு எழுந்தது. அசைந்திருந்தால் முடிந்தது கதை! அப்போது அவர் கண் என் கண்ணில் பட்டது. பெக்கான் மரம் விழுந்த நாளிலிருந்து அவருக்கென்றே நான் பத்திரப்படுத்தி வைத்திருக்கும் பார்வை அது. இவன் எதிரில் விட்டுக்கொடுப்பதா என்று நினைத்தார் போலும். கை இறங்கியது. வண்டி கிளம்பியது. சட்டப்படி, முறைப்படி, சரியாக!

தலைவர் தலையசைக்கிறார். ஒப்புக்கொண்டதற்கு நன்றி. ஊர் ஒற்றுமையால் சாதிக்க முடியாததை எங்கள் பகை சாதித்தது!

அடுத்து என் முறை. நான் யாருக்கும் கையசைத்த வழக்கமில்லை. போனேன். ஓரமாக நிறுத்திவிட்டுத் திரும்பிப் பார்த்தேன்.

அடுத்து ஃபாதரின் முறை. அவர் கையசைத்தார். "போம்மா!" பெர்னடெட் பார்த்தாள், அசையவில்லை. இன்னும் பெரிதாக அசைத்தார், ஆசீர்வாதம் கொடுப்பது போல. அவள் இரண்டு கையும் ஸ்டியரிங்கில். தன் முறையல்ல, எடுத்துக்கொள்ள மாட்டாள். வேர்த்து வழிந்த ஃபாதர் வேறு வழியில்லாமல் போனார்.

இப்போது அவள் முறை. அந்த நேரம் பார்த்து எதிரே வந்து நின்றது யார்? ஒட்டிலி அம்மையார்! கண்ணாடியை இறக்கினார்.

"அடியே பெர்னடெட்! டாக்டரு காத்துக்கிட்டிருக்காருடி. பெரியவள முன்னாடி விடமாட்டியா? உனக்குத் தண்ணி ஊத்தி ஞானஸ்நானம் குடுக்கையில உன்னைத் தாங்குன கைடி இது!"

தீவனக் கடை வாசலில் ஊரே நாற்காலியை விட்டு எழுந்தது. விட்டுக்கொடுத்தால் நல்ல பிள்ளை, வேலை போகும். போனால் வேலை கிடைக்கும், ஞானத்தாய் போவாள்.

போனாள்! நிதானமாக, நேராக, தன் முறையில் போனாள்!

ஒட்டிலி அம்மா, இந்த அவையில் பேசத் தூக்கிய கையை இறக்குங்கள். உங்கள் முறை இன்னும் வரவில்லை. அன்றிலிருந்து நீங்கள் அவளோடு பேசுவதில்லை என்பது எனக்குத் தெரியும். நீங்கள் கேளுங்கள். நீங்கள்தான் முக்கியமாகக் கேட்க வேண்டும். நெடுஞ்சாலையில் நீங்கள் ஒருவருக்குக் கையசைக்கிறீர்கள். உங்கள் பக்கத்து வரிசையில் வரும் சோள லாரி கையசைத்ததா? உங்களை நம்பி அவர் நுழைகிறார். லாரி யாரை நம்பி நிற்கும்? அப்படி நுழைந்து லாரியில் அடிபட்டு இறந்த யூலியஸ் மாரெக்கின் நினைவுச் சிலுவை எந்தத் திருப்பத்தில் நிற்கிறது என்று இந்த மண்டபத்தில் தெரியாதவர் உண்டா? அவரை யார் கொன்றது? கோபமா? குடியா? ஒரு நல்ல மனிதரின் கையசைப்பு!

விட்டுக்கொடுங்கள், உணவில். விட்டுக்கொடுங்கள், உட்காரும் இடத்தில். விட்டுக்கொடுங்கள், வேலித் தகராறில். தலைவருக்குத்தான் சொல்கிறேன்! சாலையில் மட்டும் உங்கள் முறையை விட்டுக்கொடுக்காதீர்கள், அடுத்தவர் முறையைப் பறிக்காதீர்கள். நீங்கள் அடுத்து என்ன செய்வீர்கள் என்பது எதிரே வருபவருக்குத் தெரிய வேண்டும். சக்கரத்தின் முன் அமர்ந்தவர் அடுத்தவருக்குச் செய்யக்கூடிய மிகப் பெரிய மரியாதை அதுதான்!

என்ன? பின்னால் யார் கேட்பது? "வாத்தியாரே, பெர்னடெட் எங்க?" நல்ல கேள்வி. இந்தப் பாராட்டு விழாவே அவளுக்காக. முதல் வரிசையில் ரிப்பன் கட்டிய நாற்காலி காலியாக இருக்கிறது. பாருங்கள், நன்றாகப் பாருங்கள்.

இந்த மண்டபத்தில் நடந்த எந்தத் திருமணத்துக்கு அவள் வராமல் இருந்தாள்? எந்தப் போல்கா நடனத்துக்கு, எந்தச் சாசேஜ் விருந்துக்கு, யாருடைய இறுதிச்சடங்கு விருந்துக்கு வராமல் இருந்தாள்? எல்லாவற்றிலும் இருந்தாள். பாசத்தால் வருகிறாள் என்று பூரித்தோம். வேறெங்கும் போக அவளிடம் வழி இருந்ததில்லை, அவையோரே! இன்று மதியம் தொலைபேசியில் அழைத்தாள். "சார், மன்னிச்சுக்கோங்க, விழாவுக்கு வரமுடியாது. எனக்கு இன்னிக்கு டியூட்டி. நானே ஓட்டிட்டுப் போறேன்" என்றாள்.

அந்தக் காலி நாற்காலிக்கு என் வணக்கம்! உங்கள் பொறுமைக்கு என் நன்றி!