கணுக்கால் அளவுத் தண்ணீர்

எனக்கு விடியற்காலையில் எழுந்து பழக்கமே இல்லை. மரக்காணம் பஸ் ஸ்டாண்ட் எதிரில் நான் தங்கியிருக்கும் லாட்ஜில் யாரை வேண்டுமானாலும் கேட்டுப் பாருங்கள், எட்டு மணிக்கு முன்னால் என் அறைக் கதவு திறந்ததே கிடையாது. ஒரே ஒரு நாளைத் தவிர. அந்த நாளைப் பற்றித்தான் சொல்ல வேண்டும், சார். சாட்சி என்றுதான் என்னை ஸ்டேஷனுக்குக் கூப்பிட்டீர்கள். இருந்தாலும் முழுவதையும் சொல்லிவிடுகிறேன்.

பெயர் சித்தார்த்தன். டாக்குமென்டரி எடுப்பவன். தனியாள்; கேமரா, சவுண்டு, எடிட்டிங் எல்லாம் நானே. சோற்றுக்குக் கல்யாண ஆல்பம், மனசுக்குப் படம் என்று பதினான்கு வருஷம் ஓட்டிவிட்டேன். கல்குவாரி பற்றி ஒன்று எடுத்தேன், தறிக்காரர்கள் பற்றி ஒன்று. ஏதாவது கல்லூரி ஹாலில் இருபது பேர் பார்ப்பார்கள். அதில் ஐந்து பேர் ஃபேன் காற்றுக்கு வந்தவர்கள். எனக்கு அதில் வருத்தமில்லை என்று சொன்னால் பொய்.

சுனாமி வந்த மறுவாரம் எக்கியார்குப்பத்தில் ஜான்சியைப் பார்த்தேன். புருஷன் விக்டரைக் கடல் கொண்டுபோயிருந்தது. நான்கு வயது மகள் தமிழ்நிலா மட்டும் மிச்சம். இனிக் கடல் பக்கமே வேண்டாம் என்று உப்பளத்துக்குக் கூலி வேலைக்குப் போனாள். அங்கேயும் பயம் விடவில்லை. பாத்தியில் உப்பு வாரிக்கொண்டே நிமிஷத்துக்கு ஒரு தரம் கிழக்கே திரும்பிப் பார்ப்பாள். மகளின் பாவாடை நுனியைத் தன் முந்தானையோடு முடிச்சுப் போட்ட பிறகுதான் கண்ணை மூடுவாள்.

அந்தப் பயத்தை ஒரு வருஷம் படமெடுத்தேன். அப்படி ஒரு முகம் எனக்கு அதுவரை கிடைத்ததில்லை.

பிறகு அவள் தேற ஆரம்பித்தாள். இந்த வருஷம் பொங்கல் கழிந்து உப்பு சீசன் தொடங்கியபோது கூட வேலை செய்யும் பெண்களோடு சிரித்துப் பேசினாள். முடிச்சுப் போடுவதை விட்டுவிட்டாள். மகளைக் கூட்டிக்கொண்டு போய்க் கடலில் கால் நனைத்துவிட்டு வந்ததாகச் சொன்னாள்.

"இப்பல்லாம் பயமே இல்லண்ணா. நல்லா தூக்கம் வருது. நீங்க பாட்டுக்கு படத்த முடிச்சிடுங்க."

சந்தோஷம் என்றேன். எனக்குத்தான் அன்று தூக்கம் வரவில்லை. பயம் போன முகத்தை வைத்துக்கொண்டு எப்படி முடிப்பது? டிவிக்காரர்கள் எப்போதோ மூட்டை கட்டிவிட்டார்கள். நாடே மறந்துகொண்டிருந்தது. மறக்கக் கூடாது என்று நினைத்தது தப்பா, நீங்களே சொல்லுங்கள்.

உப்பளத்தைப் பற்றி அதற்குள் நிறையத் தெரிந்துகொண்டிருந்தேன். கழிமுகத்திலிருந்து பெரிய வாய்க்காலில் தண்ணீர் வரும். வாய்க்காலுக்கும் பாத்திக்கும் நடுவே மடை. மடையை அடைத்திருப்பது ஒரு பலகை. பௌர்ணமியை ஒட்டி வாய்க்கால் நிரம்பி நிற்கும்போது பலகையைத் தூக்கினால் பாத்தியில் கணுக்கால் அளவுக்குத் தண்ணீர் ஏறும், அதற்கு மேல் ஏறாது. வாட்ச்மேன் ராஜாங்கம் சொன்ன கணக்கு அது. கணுக்கால் அளவுத் தண்ணீரில் யாரும் சாவதில்லை.

அன்று ஐந்து மணிக்கே போய்விட்டேன். ராஜாங்கம் டீ குடிக்கப் போயிருந்தார். மற்ற பெண்கள் இன்னும் வரவில்லை. கேமராவை வரப்பில் நிறுத்திவிட்டு வெளிச்சத்துக்காகக் காத்திருந்தேன். கிழக்கு வெளுத்தது. ஜான்சி குனிந்து வாரிக்கொண்டிருந்தாள். பிள்ளை கொட்டகையில் சாக்கின் மேல் தூங்கிக்கொண்டிருந்தது. ரெக்கார்டை அழுத்தினேன். போய்ப் பலகையைத் தூக்கிவிட்டுக் கேமராவுக்குத் திரும்பினேன்.

முகம் கிடைத்தது. முதல் வாரத்தில் பார்த்த அதே முகம். தண்ணீர் காலைத் தொட்டதும் கிழக்கே திரும்பிப் பார்த்தாள். கொட்டகைக்கு ஓடிப் பிள்ளையை வாரித் தூக்கினாள். ரோட்டு மேட்டுக்குப் போக வாய்க்காலின் குறுக்கே ஒரு பனைமரம் போட்டிருக்கிறார்கள். அந்தப் பக்கம் ஓடுவாள் என்று நான் யோசிக்கவில்லை. நடுமரத்தில் கால் வழுக்கியது. ஜான்சி மரத்தைப் பிடித்துக்கொண்டாள். பிள்ளை கை நழுவி வாய்க்காலில் விழுந்தது; தண்ணீர் மடைக்குள் இழுத்துக்கொண்டு போனது. மடை திறந்திருந்ததால்தான் அந்த இழுப்பு. அதையும் மறைக்கவில்லை.

நான் நின்ற இடத்திலிருந்து மடைக்குப் பத்தடி. டேப்பில் பார்த்தால் நாற்பது நொடி வருகிறது. லென்ஸைத் திருப்பினேன், ஃபோகஸ் சரிசெய்தேன். இறங்கவில்லை. கேமராவை விட்டுவிட்டு இறங்கினால் அந்தப் படம் திரும்பக் கிடைக்காது.

பலகையைப் போட ராஜாங்கம் மறந்துவிட்டார் என்று ஊர் முடிவு செய்தது. மனுஷன் கொஞ்சம் குடிப்பார், அதனால் அவரே நம்பிவிட்டார். "நாந்தான் மறந்திருப்பேன் சார். எனக்கே நெனப்பு இல்ல" என்று என் தோளில் சாய்ந்து அழுதார். தட்டிக்கொடுத்தேன். இப்போது உள்ளே இருக்கிறார்.

போன ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து ஜான்சி லாட்ஜுக்கு வந்தாள். "எம்பொண்ணு இருக்கிற கடைசி படத்த ஒருவாட்டி காட்டுங்கண்ணா" என்றாள். மறுத்தால் சந்தேகம் வரும். கேமராவின் சின்னத் திரையிலேயே போட்டேன். அழாமல் பார்த்தாள். திரும்பப் போடச் சொன்னாள். பிறகு விரல் வைத்துக் காட்டினாள்.

"இங்க தரை காஞ்சிருக்குது. தண்ணியே வரல. அதுக்கு முன்னாடியே என் மூஞ்சிய எதுக்குண்ணா எடுத்துட்டிருந்தீங்க? அந்நேரத்துக்கு நீங்க வரவே மாட்டீங்களே."

ஏதோ சொன்னேன். அவள் தலையாட்டிவிட்டுப் படியிறங்கினாள்.

அன்றிலிருந்து எனக்குப் பயம், சார். மாடிப்படியில் யார் ஏறினாலும் அவள்தான் என்று எழுந்து உட்காருகிறேன். போட்ட தாழ்ப்பாளைத் திரும்பத் திரும்பத் தொட்டுப் பார்க்கிறேன். அவள் அடிப்பாள் என்றில்லை. என்னைப் பார்ப்பாள், அவ்வளவுதான்.

பலகையைத் தூக்கியது நான். பிள்ளையைக் கொன்றது நான். எழுதிக்கொள்ளுங்கள், கையெழுத்துப் போடுகிறேன். ராஜாங்கத்தை விட்டுவிடுங்கள், பாவம்.

ஜான்சியிடம் மட்டும் நீங்கள் சொல்லிவிட வேண்டாம். அவளுக்கு இது என் வாயால்தான் தெரிய வேண்டும், அதுதான் நியாயம். நாளைக் காலை அவளை இங்கே வரவழையுங்கள். உங்கள் ஏட்டு வாங்கி வைத்திருக்கும் கேமராவை ஒரு பத்து நிமிஷம் மட்டும் என்னிடம் கொடுக்கச் சொல்லுங்கள். அவளை அந்த ஜன்னல் பக்கம் உட்கார வையுங்கள், சார். நான் சொல்லும்போது முகத்தில் வெளிச்சம் விழ வேண்டும்.