நூல் பிடித்து அளந்த காலணி

உப்பளக் காற்றில் ஓடி உரமேறிய உடற்கல்வி அன்னையே! விசில் ஒன்றையே வேலாய் ஏந்தி முப்பத்தோராண்டு மைதானத்தை ஆண்ட மாதரசியே! ஐம்பத்தெட்டு வயதிலும் பெயரில் பாப்பாவாகவும் பார்வையில் படைத்தலைவியாகவும் திகழும் சின்னப்பாப்பா அம்மையீர்! வணக்கம், வணக்கம், வாயார வணக்கம்!

இதே சுருதியில் நான்கு பத்தி எழுதி முடித்துத் தமிழாசிரியர் வெங்கடாசலம் பேனாவை மூடியிருப்பார். அன்புக்கு ஒன்று, பண்புக்கு ஒன்று, கடமைக்கு ஒன்று, கண்ணியத்துக்கு ஒன்று. இப்பள்ளியில் இதுவரை ஓய்வு பெற்ற பதினொரு பேருக்கும் அவர் ஒரே பிரிவு உபசார மடலைத்தான் பெயர் மாற்றிக் கொடுத்திருக்கிறார். கண்ணாடிச் சட்டம் போட்டுச் சுவரில் மாட்டிய பிறகு எவரும் படிப்பதில்லை என்பதால் பிழைத்துக்கொண்டார். இந்த முறை பிழைக்க முடியவில்லை. சென்ற வாரம் கணித ஆசிரியர் பஞ்சநாதன் அவர் மேசைக்கு முன்னால் வந்து நின்றார்.

“ஐயா, மடல்ல என்னைப் பத்தி எழுதுங்க. நான் பண்ணதை அப்பிடியே எழுதுங்க. மேடையில நானே படிக்கிறேன்.”

“ஏம்பா, ரிட்டயர் ஆவுறது டீச்சரு. உன்னைப் பத்தி எதுக்கு எழுதணும்?”

“அதை எழுதலைன்னா அவங்களைப் பத்தி எழுதுனா மாதிரியே இருக்காதுங்க.”

சொல்லச் சொல்லக் கேட்ட வெங்கடாசலம், ஏற்கெனவே எழுதி வைத்திருந்த தாளைச் சத்தமில்லாமல் மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டார். ஆகவே அம்மையீர், இது பஞ்சநாதனின் கதை. அவரே வாசிக்கிறார். குரல் தடுமாறினால் பொறுத்தருள்க.

ஓயாது ஓடிய உத்தமியே! கடல் ஊருக்குள் புகுந்து போன அந்த டிசம்பருக்குப் பிறகு நம் பள்ளி நிவாரண முகாமாக இருந்ததும், லாரி லாரியாகப் பழந்துணி வந்து இறங்கியதும் யாவரும் அறிந்ததே. மரக்காணத்து வெயிலுக்குக் கம்பளிக் கோட்டு அனுப்பிய புண்ணியவான்களும் உண்டு! சேலையும் பாயும் பாத்திரமும் உரியவர் கைக்குப் போய்ச் சேர்ந்தன. பழைய ஷூக்கள் மட்டும் ஒரு குவியலாய்க் கிடந்தன; அவற்றைச் சீந்துவாரில்லை. முகாம் கலைந்து, அந்தக் குவியலைக் குப்பைக்கு அள்ளும் நாளில், தாங்கள் அதன் எதிரே குந்தி உட்கார்ந்து ஒவ்வொன்றாய் எடுத்து வளைத்து வளைத்துப் பார்த்ததைப் பஞ்சநாதன் வகுப்பறை ஜன்னல் வழியே கண்டார். சாயம் போன சாம்பல் நிறத்தில், ஆண்கள் அணியும் ஜோடி ஒன்றைத் தாங்கள் எடுத்துக்கொண்டீர்கள்.

“என்ன டீச்சர், போயும் போயும் ஆம்பள ஷூவா?” என்று அவர் சிரித்தார்.

“ஆம்பள பொம்பள எல்லாம் காலுக்கு எங்க சார் தெரியுது? வயசானா பாதம் அகண்டு போவுது. விரலைப் பரத்தி வெக்க எடம் இருக்குதா, குதிகால் ஆடாம நிக்குதா, அதைப் பாத்தா போதும். எனக்குக் குதிகால் வலி நாலு வருசமா இருக்குது. இதைப் போட்டா வலிக்கலை, சார்!”

பஞ்சநாதனுக்கு அன்றே பாடம் நடத்தியாகிவிட்டது. மாணவன் கவனிக்கவில்லை, அவ்வளவுதான்.

அந்தச் சாம்பல் ஜோடியோடு தாங்கள் ஓடத் தொடங்கினீர்கள். விடியற்காலையில் உப்பளத்துக் கரைமேல் தாங்கள் முன்னே ஓட, உப்புப் பாத்தி வேலையிலிருந்து நின்றுவிட்ட தங்கள் கணவர் கண்ணாயிரம் பின்னே சைக்கிளில் வர, உப்பு வாரப் போகும் பெண்கள் ஒதுங்கி நின்று, “டீச்சரம்மா, யாரு தொரத்துறாங்க?” என்று கேலி பேசியது ஊரறியும். சென்ற ஆண்டு செப்டம்பரில் விழுப்புரத்தில் மாவட்ட அளவிலான மூத்தோர் தடகளப் போட்டி. ஐம்பத்தைந்து வயதுக்கு மேற்பட்ட பெண்களுக்கு மூவாயிரம் மீட்டர் ஓட்டம். முதல் இருவருக்கு மாநிலப் போட்டியில் இடம். ஆசிரியர் அறையில் தாங்கள் சொன்ன வார்த்தை எங்கள் எல்லாருக்கும் நினைவிருக்கிறது. “முப்பது வருசமா கோட்டுக்குப் பக்கத்துல நின்னு விசில் ஊதிட்டேன். ஒரு வாட்டியாவது கோட்டுல நின்னு நான் ஓடணும்.”

நாங்கள் மகிழ்ந்தோம். மகிழ்ந்ததோடு நின்றிருக்கலாம். நம்ம டீச்சர் நாலு ஊர்க்காரர்கள் முன்னால் நிவாரணத்தில் வந்த பழைய ஷூவோடு ஓடுவதா என்று எங்களுக்கு ரோஷம் பொத்துக்கொண்டு வந்தது. புது ஷூ வாங்கிக் கொடுப்பது என்றும், கடைசி நிமிடம் வரை தங்களுக்குத் தெரியக் கூடாது என்றும் முடிவாயிற்று. பொறுப்பு பஞ்சநாதனிடம் போனது. கணக்கு வாத்தியாராயிற்றே, அளவு தப்புமா!

ஆசிரியர் அறை வாசலில் எல்லாரும் செருப்பைக் கழற்றி விட்டுப் போவது நம் வழக்கம். தாங்கள் உள்ளே வருகைப் பதிவில் கையெழுத்திட்ட நேரத்தில், பஞ்சநாதன் வெளியே உட்கார்ந்து தங்கள் செருப்பை நூல் பிடித்து அளந்தார். நீளம் ஒரு நூல், அகலம் ஒரு நூல். இரண்டையும் அளவுகோலில் வைத்து மில்லிமீட்டர் சுத்தமாகக் குறித்துக்கொண்டார். திறந்த செருப்பில் குதிகால் பின்னால் அரை விரல் தொங்கும், சுண்டுவிரல் பக்கவாட்டில் வெளியே நிற்கும், மாலையில் கால் வீங்கும் என்பதெல்லாம் நூலுக்குத் தெரியாதே! புதுச்சேரிக் கடையில் விற்பனைப் பெண் ஒருத்தி கேட்கத்தான் கேட்டாள்.

“யாருக்கு சார்? அவங்களைக் கூட்டினு வாங்களேன், போட்டுப் பாக்கட்டும்.”

“அது சர்ப்ரைஸ்மா. என்கிட்ட கரெக்டா அளவு இருக்குது.”

வெள்ளையில் இளஞ்சிவப்புக் கோடு போட்டு, முனை கூர்ந்து, பார்க்கப் பார்க்க அழகான ஒரு ஜோடியை அவர் எடுத்து வந்தார். இருபது வயதுப் பெண்ணின் காலுக்குச் செய்தது அது. போட்டிக்கு முந்தின நாள் மாலை விளையாட்டுப் பொருள் அறையில் இருந்த தங்கள் பையைத் திறந்து, பழையதை எடுத்துவிட்டு, தங்கநிறக் காகிதம் சுற்றிய புதியதை வைத்தார். பழையதைப் பழைய இரும்பு வண்டிக்காரரிடம் அப்போதே தள்ளிவிட்டார். அதை வைத்திருந்தால் தாங்கள் அதையே போட்டுக்கொள்வீர்கள் என்ற முன்யோசனை வேறு!

பிறர் மனம் நோகப் பொறாத பெருந்தகையே! விழுப்புரம் மைதானத்தில் தாங்கள் அந்தக் காகிதத்தைப் பிரித்தபோது நாங்கள் பன்னிரண்டு பேரும் கைதட்டினோம். தங்கள் முகம் ஒரு நொடி வாடியதைப் பஞ்சநாதன் பார்த்தார். ஆனந்தத்தில் வந்த திகைப்பு என்று நினைத்துக்கொண்டார்.

“ரொம்ப அழகா இருக்குதுங்க சார். பழசு எங்க?”

“தூக்கிப் போட்டாச்சு டீச்சர்! இன்னும் எதுக்கு அந்தக் கருமம்?”

கயிற்றை இளக்கிக் கட்டிக்கொண்டு கோட்டில் போய் நின்றீர்கள். ஏழரைச் சுற்றில் நான்கு சுற்று இரண்டாவதாக வந்தீர்கள். நாங்கள் தொண்டை கிழியக் கத்தினோம். ஐந்தாவது சுற்றில் தங்கள் நடை ஒரு பக்கம் சாய்ந்தது. வளைவு திரும்பும் இடத்தில் ஓட்டத்தை விட்டு விலகி, புல்லில் உட்கார்ந்துவிட்டீர்கள். நாங்கள் பதறி ஓடி வந்து சூழ்ந்தபோது தாங்கள் சொன்னது: “மூச்சு வாங்குது. வயசாயிடுச்சு, வேற ஒண்ணுமில்ல.”

குழாயடியில் தண்ணீர் பிடித்துக் கொடுக்க வந்தவர் பஞ்சநாதன் ஒருவரே. காலுறையைத் தாங்கள் உரித்தபோது அவர் பார்த்தார். திருமணத்தில் போட்டு, விரல் மூட்டு தடித்துப்போய் இப்போது கழற்ற வராத வெள்ளி மெட்டி, பக்கத்து விரலை அறுத்திருந்தது. காலுறை முனை முழுக்க ரத்தம். பெருவிரல் நகம் கறுத்திருந்தது.

“யார்கிட்டயும் சொல்லாதீங்க சார்,” என்றீர்கள். “ஆசையா வாங்கினு வந்தவங்க மனசு கஷ்டப்படும்.”

அவர் சொல்லவில்லை. அவருக்கும் அது வசதியாக இருந்தது.

அதோடு போயிருந்தால் ஒரு பதக்கம்தான் போயிற்று என்று ஆறியிருக்கலாம். அடுத்த திங்கட்கிழமை தலைமை ஆசிரியர் காசிலிங்கம் தங்களை அறைக்கு அழைத்தார். தேர்வு அட்டவணையோடு பஞ்சநாதனும் அங்கே நின்றுகொண்டிருந்தார்.

“உங்க நல்லதுக்குத்தான் சொல்றேன் டீச்சர். மூச்சு வாங்குதுன்னு நீங்களே சொல்லிட்டீங்க. வெயில்ல கிரவுண்டுல ஏதாச்சும் ஆயிட்டா ஊரு என்னைத்தான் கேக்கும். ரிட்டயர் ஆவுற வரைக்கும் லைப்ரரியைப் பாத்துக்குங்க.”

தாங்கள் பஞ்சநாதனைப் பார்த்தீர்கள். மூச்சு நன்றாகத்தான் இருக்கிறது, தப்பு ஷூவில் என்று அவர் சொல்ல வேண்டியது ஒரு வாக்கியம். அதற்கு மேல் ஒன்றும் தேவைப்படவில்லை. அவர் அட்டவணையைப் பார்த்துக்கொண்டு நின்றார். கணக்கு வாத்தியார் அளவு தப்பவிட்டார் என்று நாளைக்கு எல்லாரும் சிரிப்பார்களே என்ற எண்ணம்தான் அந்த நேரத்தில் அவர் மனதில் ஓடியது. வெட்கக்கேடு! இந்த இடத்தை இரண்டு முறை எழுதச் சொன்னார். ஒரு முறை போதும் என்று வெங்கடாசலம் மறுத்துவிட்டார்.

முப்பத்தோராண்டில் கடைசி எட்டு மாதம் தாங்கள் நூலக அறையில் இருந்தீர்கள். விளையாட்டுப் பாடவேளையில் பெண் பிள்ளைகள் வேப்பமரத்தடியில் கதை பேசிக்கொண்டிருந்தார்கள். தாங்கள் பழக்கிய கோ-கோ அணியை வட்டாரப் போட்டிக்கு அழைத்துப் போக ஆளில்லாமல் அந்த ஆண்டு நாம் பெயரே கொடுக்கவில்லை. நூலக ஜன்னல் மைதானத்தைப் பார்த்து இருக்கிறது. அதைத் தாங்கள் மூடியே வைத்திருந்தீர்கள். வகுப்புக்குப் போகும் வழியில் ஒவ்வொரு நாளும் பஞ்சநாதன் அந்த மூடிய ஜன்னலைத் தாண்டித்தான் போனார்.

பிரிவு உபசாரத்துக்கு என்ன வாங்குவது என்று இந்த மே மாதம் பேச்சு வந்தது. சுவர்க் கடிகாரம் என்றார்கள், வெள்ளி விளக்கு என்றார்கள். பஞ்சநாதன் மறுநாள் தங்கள் வீட்டுக்கு வந்தார். ஷூ வாங்கப் போகலாம், தாங்களும் வர வேண்டும், சாயங்காலம்தான் போக வேண்டும், கால் வீங்கியிருக்கும் நேரத்தில்தான் அளவு பார்க்க வேண்டும் என்று மூச்சுவிடாமல் சொன்னார். கண்ணாயிரமும் கூட வந்தார்.

அதே கடை, அதே விற்பனைப் பெண். பெயர் பொன்னி என்று இந்த முறை கேட்டுத் தெரிந்துகொண்டார். அவள் தங்களைத் தாள்மேல் நிற்க வைத்து இரண்டு பாதத்தையும் சுற்றிப் பென்சிலால் கோடு போட்டாள். இடது கால் பெரியது என்பது அப்போதுதான் தெரிந்தது.

“பெரிய காலுக்குத்தாம்மா எடுக்கணும். முன்னாடி ஒரு கட்டைவிரல் அளவு எடம் விடணும். மெட்டி இடிக்கக் கூடாது, அகலமானதா பாக்கலாம். விரல் மடங்குற எடத்துல வளையணும், நடுவுல வளைஞ்சா வேணாம். போடப் போட சரியாப் போவும்னு யாராச்சும் சொன்னா நம்பாதீங்க. இங்கயே சரியா இருக்கணும்.”

ஆறு ஜோடியைத் தள்ளி ஏழாவதைத் தாங்கள் போட்டீர்கள். கடைக்குள் நான்கு நடை நடந்தீர்கள். பிறகு வாசலைத் தாண்டித் தெருவில் இறங்கி, சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு, முனைவரை ஓடித் திரும்பி வந்தீர்கள். மூச்சு சீராக இருந்தது. தங்கள் கண்ணில்தான் நீர்.

“அன்னிக்கே நான் சொல்லியிருக்கணும் டீச்சர்,” என்றார் பஞ்சநாதன்.

“ஷூவைப் பத்திதான் சார் சொல்ல வேணாம்னேன். கிரவுண்டை விட்டு என்னை எடுத்தப்பவும் சொல்ல வேணாம்னு நான் சொல்லலையே. இன்னிக்குச் சொல்லுவீங்க, நாளைக்குச் சொல்லுவீங்கன்னு எட்டு மாசமா பாத்துனு இருந்தேன்.”

அம்மையீர்! தங்கள் மூச்சு அன்றும் குறையவில்லை, இன்றும் குறையவில்லை என்பதை இந்த அவையில், ஊர்ப் பெரியோர் முன்னிலையில், உரக்கச் சொல்கிறோம். இதைப் பஞ்சநாதன் முன்னதாகவே நேரில் போய்ச் சொல்லக் கேட்ட தலைமை ஆசிரியர் காசிலிங்கம், தங்களை மீண்டும் மைதானப் பொறுப்பில் அமர்த்தி நேற்று உத்தரவில் கையெழுத்திட்டுவிட்டார். புதிய காலணி தங்கள் காலிலேயே இருக்கிறது; அதற்கு இன்று பொன்னாடை போர்த்த வேண்டியதில்லை. குதிகால் நோகாமல், விரல் நெருக்கப்படாமல், உப்பளத்துக் கரையெங்கும் தாங்கள் நெடுங்காலம் ஓட வேண்டும். கண்ணாயிரம் அண்ணனின் சைக்கிள் தங்களை எட்டிப் பிடிக்க முடியாமல் திணற வேண்டும். இதுவே எங்கள் வேண்டுதல்.

மைதானத்தைத் தங்களிடம் திருப்பிக் கொடுத்துவிட்டோம், தாயே. இன்று மாலை ஐந்து மணிக்குத் தங்கள் பணி நிறைவடைகிறது; அதுவரை அது தங்களுடையது. கோடை விடுமுறை என்பதால் அதில் பிள்ளைகள் இல்லை.

தங்கள் உழைப்பால் உயர்ந்து, தங்கள் பொறுமையின் முன் நாணி நிற்கும்
ஆசிரியர்களும் அலுவலர்களும்

மரக்காணம்
31.5.2006