முப்பது ரோபோக்களும் ஆறு பூஜ்யங்களும்

பல்லைப் பிடுங்கும்போதும் பண்பு மாறாத பல் மருத்துவரே, எங்கள் ஆட்டக் குழுவின் தலைவரே! தையல்கடை மாடியை ஞாயிறுதோறும் எங்களுக்குத் திறந்துவிட்டு, ஊசிக்கும் நூலுக்கும் நடுவே ஓர் உலகத்தையே உருவாக்க இடம் கொடுத்த தையல்காரர் ஐயா அவர்களே! பள்ளிப் பிள்ளைகளின் கூச்சலை வாரம் ஐந்து நாள் பொறுத்துப் பொறுத்துப் பொறுமைக்கே பொருளாகிப்போன வேன் ஓட்டுநர் அண்ணன் அவர்களே! கண்ணாடிக்கடைக்காரர் அவர்களே! என் கணவரின் அருமைத் தங்கையும் மருந்துக்கடை ஊழியருமான என் நாத்தனாரே! "ஞாயித்துக்கிழமை ஆனா இதுங்க எங்கதான் போகுதுங்க" என்று ஒரு முறையாவது பார்த்துவிட வந்திருக்கும் தாய்மார்களே, கணவன்மார்களே, மனைவிமார்களே! மூன்றாம் வரிசையில் மின்விசிறிக்கு நேர்கீழே இடம் பிடித்து அமர்ந்திருக்கும், என்னைப் பெற்ற தாயே! உங்கள் அனைவருக்கும் இந்த லிஃப்ட் மெக்கானிக்கின் எரிச்சலான வணக்கம்!

ஆம், எரிச்சலான வணக்கம். இனிய வணக்கம் என்றுதான் வீட்டில் எழுதிக்கொண்டு கிளம்பினேன். படியேறும்போது நிகழ்ச்சி நிரலைக் கையில் திணித்தார்கள். மூன்றாம் தீர்மானத்தைப் படித்தேன். இனிமையெல்லாம் அந்தப் படியிலேயே இறங்கிப் போய்விட்டது.

என்ன தீர்மானம்? கேளுங்கள்! "ரோபோக்களால் நம் குடியிருப்பு நாசமானபடியால், ரோபோக்களை உடைத்து இரும்பாக்கி, குடியிருப்பை மூடிவிட்டு, வேறொன்றைப் புதிதாகத் தொடங்குவது." மூடிவிடுவதாம்! மூன்றாண்டு உழைப்பை மூடிவிடுவதாம்! நாற்பத்தொரு உயிர் உள்ளே இருக்கும்போது மூடிவிடுவதாம்!

யாரது, "கேம்தானே" என்று சொல்வது? கேம்தான் அம்மா. நீங்கள் டிவி தொடரில் மருமகள் அழுதால் அழுவதில்லையா? அது போலத்தான்.

புதிதாக வந்தவர்களுக்காகச் சொல்லிவிடுகிறேன். இதோ, என் பின்னால் திரையில் தெரிகிறதே சிவந்த மண், அதுதான் எங்கள் செந்தூள் குடியிருப்பு. காற்றில்லாத கிரகம், கணினிக்குள் இருக்கிறது. அதில் ஆறு கூடாரங்கள். ஆறு பேருக்கும் ஆளுக்கொன்று. ஒவ்வொரு கூடாரத்திலும் ஒரு கிடங்கு, ஒரு சமையலறை, உள்ளே தொடக்கத்தில் பத்துப் பதினொரு சின்னஞ்சிறு மனிதர்கள். அவரவர் கிடங்கின் கணக்கை அவரவர்தான் மாற்ற முடியும். அடுத்தவர் கைவைக்க முடியாது. அது இந்த ஆட்டத்தின் சட்டம். இப்போது ஆட்டம் நிறுத்தி வைக்கப்பட்டிருக்கிறது. நிறுத்தவில்லை என்றால் நான் பேசி முடிப்பதற்குள் இன்னும் இரண்டு பேர் போய்விடுவார்கள்.

முதலில் எப்படி இருந்தது? மூட்டையை மனிதன் சுமந்தான். கல்லைச் சுமந்தான், கம்பியைச் சுமந்தான், காற்றுக் குடுவையைச் சுமந்தான். பாதிப் பேர் சுமக்கப் போய்விட்டால் பயிரை யார் பார்ப்பது? பாறையை யார் உடைப்பது? அப்போதுதான் இந்தத் தலைவர் என்னைப் பார்த்து, "நீங்க லிஃப்ட்டே ஓட்டுறீங்க, ஒரு மூட்டைய ஓட்ட மாட்டீங்களா?" என்றார். நானும் உச்சி குளிர்ந்துபோய் ஒப்புக்கொண்டேன்.

நான்கு மாதம்! நான்கு மாதம் கண்ணும் கருத்துமாக உட்கார்ந்தேன். முப்பது ரோபோக்கள் கட்டினேன். தடம் போட்டேன். ஒன்றோடொன்று முட்டாமல் திரும்ப முனைகள் வைத்தேன். களைத்தவை மின்னேற்றிக்கொள்ள நிழல் வைத்தேன். கிடங்கு நிறைந்தால் அவையே எடுக்கும், குறைந்தால் அவையே கொண்டுவரும். ஒரு மனிதனும் ஒரு மூட்டையைத் தொட வேண்டாம். கடைசியில் ஒரே ஒரு வேலைதான் மிச்சம். ஒவ்வொருவரும் தம் கிடங்கின் பட்டியலில் ஒரு கட்டத்தை நிரப்ப வேண்டும். "இந்தக் கூடாரத்துக்கு என எவ்வளவு நிறுத்திவைப்பது?" நிறுத்தி வைத்தது போக மிச்சத்தை ரோபோ அடுத்த கூடாரத்துக்கு எடுத்துப் போகும். நிறுத்தி வைத்ததில் இருந்துதான் சமையலறை எடுத்துச் சமைக்கும். குழந்தைக்கும் புரியும் ஏற்பாடு.

இந்த ஆறு பெரிய மனிதர்களும் என்ன செய்தார்கள்?

வேன் ஓட்டுநர் அண்ணன் சொன்னார்: "எங்களுக்கென்னம்மா பெருசா, மத்தவங்களுக்குப் போக மிச்சம் இருந்தா குடுங்க." போட்டார் பூஜ்யம்!

தலைவர் சொன்னார்: "தலைவரா இருந்துக்கிட்டு நானே முதல்ல எடுத்தா நல்லாவா இருக்கும்?" போட்டார் பூஜ்யம்!

தையல்காரர் ஐயா, "வயசானவன் எனக்கு எதுக்கும்மா" என்றார். ஐயா, வயது உங்களுக்குத்தான், உங்கள் கூடாரத்தில் இருப்பவர்களுக்கு அல்ல! போட்டார் பூஜ்யம்! கண்ணாடிக்கடைக்காரர் மற்றவர்கள் போட்டதை எட்டிப் பார்த்து அதையே போட்டார். என் நாத்தனார் என் முகத்தைப் பார்த்துச் சிரித்துக்கொண்டே போட்டார்.

பூஜ்யம், பூஜ்யம், பூஜ்யம்! எல்லோரும் வள்ளல்கள். எல்லோரும் கொடுப்பவர்கள். வாங்கிக்கொள்ள ஒரு மனிதன் இல்லை!

அன்றைக்கு ஏதோ கோளாறு என்று எனக்குத் தெரியவில்லை. ரோபோக்கள் ஓடுகிற அழகில் மயங்கிப் போனோம். கைதட்டினோம். பஜ்ஜி சாப்பிட்டோம்... நாத்தனார் தலையாட்டுகிறார், இல்லை, பிஸ்கட்தான் சாப்பிட்டோம், சரி, திருத்திக்கொள்கிறேன். மறுவாரம் வந்து பார்த்தால் அறுபத்து நான்கு பேரில் ஐந்து பேர் இல்லை. அதற்கு அடுத்த வாரம் மேலும் பதினான்கு பேர் இல்லை. என்ன காரணம் என்று அழுத்திப் பார்த்தால், "பசி" என்று ஒரே ஒரு சொல் வருகிறது.

பஞ்சமா? பயிர் பச்சைப் பசேல் என்று நிற்கிறது. விளைச்சல் இல்லையா? நூற்றெண்பது மூட்டை தானியம் விளைந்திருக்கிறது. நூற்றெண்பது மூட்டையும் எங்கே? ரோபோக்களின் முதுகில்!

போன வியாழக்கிழமை மாலை வீட்டுக் கணினியில் ஒரு மூட்டைக்கு மட்டும் மஞ்சள் அடையாளம் வைத்துவிட்டு, தேநீரும் கையுமாக அதன் பின்னாலேயே போனேன். முதல் கூடாரத்தில் இறங்கியது. இங்கே நிறுத்திவைப்பது பூஜ்யம், ஆகவே இது மிச்சம் என்று தூக்கியது அடுத்த ரோபோ. இரண்டாம் கூடாரம், இறக்கம், ஏற்றம். மூன்றாம் கூடாரம், இறக்கம், ஏற்றம். என் கணவர் வந்து எட்டிப் பார்த்தார்.

"என்ன ஒரு மணி நேரமா வெறிச்சுப் பாத்துக்கிட்டு இருக்க?"

"ஒரு மூட்டை ஊர்வலம் போகுதுங்க."

"எங்க போகுது?"

"எங்கயும் போகல."

பதினோரு சுற்று! அந்த மூட்டை ஆறு கூடாரத்தையும் பதினோரு முறை வலம் வந்தது. அந்தப் பதினோராம் சுற்றில்தான் கொட்டாவியைப் பார்த்தேன்.

கொட்டாவி யார் என்று உங்களுக்குத் தெரியாது. வேன் ஓட்டுநர் அண்ணனின் கூடாரத்து மனிதன். எந்நேரமும் கொட்டாவி விட்டுக்கொண்டே பாறை உடைப்பான். அவன் கொட்டாவி விட்டால் பக்கத்தில் இருப்பவனும் விடுவான், அதைப் பார்த்து நாங்கள் ஆறு பேரும் இங்கே உட்கார்ந்தபடி கொட்டாவி விடுவோம். அவன் கிடங்கு வாசலில் உட்கார்ந்திருந்தான். அவனைச் சுற்றிக்கொண்டு மூன்று ரோபோக்கள் நிறைசுமையோடு போயின. முதல் ரோபோ போனது. இரண்டாவது போனது. மூன்றாவது போகும்போது அவன் சாய்ந்துவிட்டான்.

நான் அழுதேன். நாற்பத்து நான்கு வயதுக்காரி, இருபது மாடி உயரத்தில் கம்பியைப் பிடித்துக்கொண்டு வேலை செய்கிறவள், கட்டைவிரல் உயரப் பொம்மைக்காக அழுதேன். எனக்கு அதில் வெட்கமில்லை.

உடனே தொலைபேசியை எடுத்தேன். தையல்காரர் ஐயாவிடம், "ஐயா, உங்க கட்டத்துல இருபதுன்னு போடுங்க" என்றேன். "போடுறேம்மா, மத்தவங்க போட்டாச்சா?" என்றார். வேன் ஓட்டுநர் அண்ணனிடம் கேட்டால், "ஐயா போடட்டும்மா, பெரியவரு." தலைவரிடம் கேட்டால், "உறுப்பினர்கள் எல்லாம் எடுத்தப்புறம் நான் எடுக்கிறதுதான் முறை." கண்ணாடிக்கடைக்காரரிடம் கேட்டால், "எல்லாரும் என்ன போட்டாங்கன்னு சொல்லுங்க, அதையே போட்டுடறேன்." சரி, சொந்தக்காரி கைவிட மாட்டாள் என்று நாத்தனாரை அழைத்தேன்.

"அண்ணி, நான் முதல்ல போட்டா என்ன சொல்வாங்க? பாரு, வாரிக்கிட்டான்னு சொல்ல மாட்டாங்களா?"

"யாரும்மா சொல்வாங்க?"

"சொல்ல மாட்டாங்க அண்ணி. நினைப்பாங்க."

நினைப்பார்களாம்! வியாழன், வெள்ளி, சனி. மூன்று நாளாக என் பேச்சும் அந்த மூட்டையைப் போலவே வீடு வீடாகச் சுற்றி வந்தது. எவரும் இறக்கிக்கொள்ளவில்லை. அந்த மூன்று நாளில் கொட்டாவிக்குப் பிறகு இன்னும் மூன்று பேர் போனார்கள்.

இப்போது சொல்லுங்கள், தலைவரே! குற்றம் ரோபோ மீதா? அது என்ன செய்தது? நாம் எழுதியதைச் செய்தது. "எனக்கு வேண்டாம்" என்று ஆறு பேர் எழுதினோம். நம்மை நம்பிவிட்டது, பாவம்! நம் வீடுகளில் "வேண்டாம்" என்றால் இன்னொரு முறை கேட்பார்கள், மூன்றாம் முறை தட்டிலேயே வைத்துவிடுவார்கள். அது நமக்குத் தெரியும். இரும்புக்குத் தெரியுமா? இதை உடைத்துவிட்டுப் புதிதாக ஒரு குடியிருப்பு தொடங்கினால் மட்டும் என்ன ஆகும்? அங்கேயும் இதே ஆறு பேர்தானே, அங்கேயும் இதே ஆறு பூஜ்யம்தானே?

என்ன அம்மா? மூன்றாம் வரிசையில் என் அம்மா கையை உயர்த்துகிறார். சொல்லுங்கள்.

"ஏன்டி, எல்லாரையும் இந்தத் திட்டு திட்டுறியே, நீ எவ்வளவு போட்டிருக்க?"

சிரிக்காதீர்கள். கைதட்டாதீர்கள். கொஞ்சம் இருங்கள்.

தண்ணீர் இருக்கிறதா? நன்றி.

அவையோரே, அந்த ஆறாவது பூஜ்யம் என்னுடையது. கடைசியாகப் போட்டேன். அமைத்தவள் நான், எப்படி ஓடும் என்று அக்குவேறு ஆணிவேறாகத் தெரிந்தவள் நான். ஐந்து பேரின் பூஜ்யத்தைப் பார்த்தபின் நான் மட்டும் இருபது என்று எழுதினால், பாடுபட்டதற்குக் கூலியாக அள்ளிக்கொண்டாள் என்று நினைப்பார்களே என்று என் கையே எனக்கு வரவில்லை. அதைவிடக் கேவலம் கேளுங்கள். இந்த மூன்று நாளாக ஐந்து பேரையும் விரட்டினேனே, என் கட்டத்தை நான் மாற்றவில்லை. யாராவது ஒருவர் முதலில் போடட்டும், பின்னாலேயே போட்டுவிடலாம் என்று காத்திருந்தேன். போன மூவரில் இருவர் என் கூடாரத்தார்.

இனிமேல் என்ன முகத்தோடு உங்களைத் திட்டுவது? அப்படியும் திட்டுகிறேன். என்னையும் சேர்த்துத் திட்டுகிறேன். நாம் கெட்டவர்கள் அல்ல. நல்ல பெயர் வேண்டும் நமக்கு. அந்த நல்ல பெயரைச் சமைத்து அவர்களுக்குப் போட முடியுமா? பசித்தவனைப் பொறுப்பில் வைத்துக்கொண்டு "எங்களுக்கு வேண்டாம்" என்று சொல்ல நமக்கு என்ன உரிமை இருக்கிறது? வேண்டும் என்று கேட்பது வெட்கமா? உயிருள்ளது எதுவும் கேட்கும்! பயிர் நீர் கேட்கும், பிள்ளை பால் கேட்கும், என் லிஃப்ட் எண்ணெய் கேட்கும், கொடுக்காவிட்டால் நடுவழியில் நின்று மானத்தை வாங்கும்! கேட்காமல் செத்தவனுக்கு நாம் மாலை போடலாம். அவனுக்கு அது எதற்கு?

ஆகவே, மூன்றாம் தீர்மானத்தை நான் எதிர்க்கிறேன். எதிர்த்துவிட்டு, இதோ, இந்தக் கணினியின் முன்னால் உட்காருகிறேன். மைக்கை இப்படிக் கொடுங்கள். எல்லோரும் பாருங்கள். என் கிடங்கு. என் கட்டம். இருபது அல்ல, என் கூடாரத்தில் மிச்சமிருக்கும் எட்டுப் பேருக்கு நாற்பது மூட்டை வேண்டும். எனக்கு வேண்டும்! முதலில் வேண்டும்! நினைப்பவர்கள் நினைத்துக்கொள்ளுங்கள். நாற்பது. ஆட்டத்தை ஓடவிடுகிறேன்.

பார்த்தீர்களா, வந்துவிட்டான் ரோபோ ஒருவன். இறக்கினான். தூக்கவில்லை! அவையோரே, அவன் தூக்கவில்லை! அதோ சமையலறையில் விளக்கு எரிகிறது.

தலைவரே, ஐயா, அண்ணன்மாரே, நாத்தனாரே, நாற்காலியில் உட்கார்ந்து என்ன செய்கிறீர்கள்? ஓடிக்கொண்டிருக்கிறது ஆட்டம், இனி நிறுத்த மாட்டேன். பொறுமையாகக் கேட்ட தாய்மார்களுக்கும், கேட்க வேண்டியதைக் கேட்ட என் தாய்க்கும் நன்றி கூறி முடிக்கிறேன். ஐவரும் மேடைக்கு வந்து அவரவர் கட்டத்தை நிரப்புங்கள். இந்தப் படி குறுகலானது, ஒருவர்தான் ஏற முடியும். அதன் கீழே நின்றுகொண்டு "நீங்க முதல்ல போங்க" என்று இன்றைக்கு ஒருவர் வாயிலிருந்தும் வரக்கூடாது. இடித்துக்கொண்டு ஏறுங்கள். வணக்கம்!