மேல்படியில் நின்றவன்

என் தங்கை ரெனிட்டா எனக்கு முப்பத்தெட்டு டாலர் ஐம்பது சென்ட் தர வேண்டியிருந்தது. ஒரு ஜோடி வெள்ளிநிறக் குதிகால் செருப்புக்கான காசு. நீங்கள் கேட்டது வென்டெல் செத்த நாளைப் பற்றி என்பது தெரியும், மேடம். செருப்பிலிருந்து தொடங்கினால்தான் எனக்கு வரிசையாக வரும்.

வாக்குமூலத்தைச் சொல்லச் சொல்லத் தட்டச்சு செய்ய, காவல் நிலையத்தில் ஆள் வைக்கிறேன் என்றீர்கள். வேண்டாம். நாற்பது வயதுக்கு மேல் எழுதக் கற்றவன் நான். எழுத்து பெரிதாக இருக்கும், மெதுவாகத்தான் வரும், ஆனால் வரும். என் பெயர் தாடியஸ் பிராட்நாக்ஸ். வீட்டுச் சாமான் ஏற்றி இறக்குவது தொழில். வட பிலடெல்பியாவின் வரிசை வீடுகளில் படிக்கட்டு எவ்வளவு குறுகல் என்று என் தோள்பட்டையைக் கேட்டால் சொல்லும்.

எங்கள் அம்மா சர்க்கரை நோயில் போனாள். அதில் என் கை இல்லை. பின்னால் குழப்பம் வரக்கூடாது என்பதற்காக இதைத் தனியாக எழுதிவிடுகிறேன். அடக்கம் முடிந்து தேவாலயத்தின் கீழ்க்கூடத்தில் எல்லோரும் சாப்பிட உட்கார்ந்தோம். பொரித்த கோழி, பாலாடைக்கட்டி மக்ரோனி, சர்க்கரைவள்ளிப் பணியாரம். ரெனிட்டாவுக்கு அப்போது பத்தொன்பது. தட்டைக் கீழே வைத்துவிட்டு மூலையில் இருந்த பியானோவில் போய் உட்கார்ந்து, அம்மா சமையலறை விளக்கை அணைக்காமலே தூங்கிப்போவதைப் பற்றி ஒரு பாட்டை அங்கேயே கட்டிப் பாடினாள். கோழிக்கால் கடித்துக்கொண்டிருந்தவர்கள் கையை அப்படியே வைத்துக்கொண்டு இருந்தார்கள். பாஸ்டர் கண்ணாடியைக் கழற்றினார்.

அந்தக் கோடையில் அதே பாட்டோடு திறமைப் போட்டிக்குப் போனாள். போட்டுக்கொள்ளச் செருப்பு இல்லை. என் வாரக் கூலியிலிருந்து வாங்கிக் கொடுத்தேன். முதல் பரிசு வந்தது, மரத்தில் செய்த கேடயம். மைக்கைப் பிடித்துக்கொண்டு சொன்னாள்:

"ஆண்டவருக்கு நன்றி, மேல இருக்கிற எங்கம்மாவுக்கு நன்றி. இந்தச் செருப்புக்கு எங்கண்ணன் தாடியஸுக்கு முப்பத்தெட்டரை டாலர் தரணும். கடன் அடையற வரைக்கும் நான் பாடித்தான் ஆகணும், வேற வழியில்ல."

அரங்கமே சிரித்தது. பக்கத்தில் இருந்தவர் என் முதுகில் தட்டினார். நான் முப்பது வயதுக்காரன். அதுவரை என் பெயரை யாரும் ஒலிபெருக்கியில் சொன்னதில்லை.

அதன் பிறகு எந்த மேடையில் எந்தப் பரிசு வாங்கினாலும் அந்தச் செருப்புக் கடன் பேச்சில் வந்துவிடும். ஒரு தடவை கேலியாக, "நீட்டா, இப்பத்தான் கையில காசு ஓடுதே, கொடுத்துத் தொலையேன்" என்றேன். "போண்ணே. அதக் கொடுத்துட்டா என் ராசி போயிடும்" என்றாள். கேடயத்தையும் என்னிடமே தள்ளினாள். "நீயே வெச்சுக்க. என் வீட்ல தூசி தட்ட ஆளில்ல." அது என் குளிர்சாதனப் பெட்டியின் மேல் ஏறியது.

பிறகு காபிக்கடைகளிலும் சின்ன மண்டபங்களிலும் பாடினாள். நான் என் வேனில் அவளுடைய மின்பியானோவை ஏற்றிப் போவேன். மூடிப்போன ஒரு தேவாலயத்திலிருந்து வாங்கியது, உள்ளே கம்பி பூட்டிய பழைய வகை, இரண்டு ஆள் பாரம். அவளும் அவள் கூட்டாளிகளும் பாடியதற்குப் பத்திரிகைக்காரர்கள் நியோ-சோல் என்று பெயர் வைத்தார்கள். அம்மா இருந்திருந்தால், "ஞாயித்துக்கிழமைத் தேவாலயப் பாட்டுக்கு ஜீன்ஸ் மாட்டி விட்டிருக்கீங்க" என்றிருப்பாள்.

அப்போது ஜமீல் ஸ்டோக்ஸ் என்று ஒரு டிரம்ஸ்காரன் அவளோடு இருந்தான். நல்ல பையன். இவளை அட்லாண்டாவுக்குக் கூட்டிப்போய் அங்கேயே குடித்தனம் போட வேண்டும் என்று இருந்தான். இவள் பூரித்துப்போய்க் கிடந்தாள். முதல் இசைத்தட்டு வர வேண்டிய நேரம், பாட்டு ஒன்றும் தேறவில்லை. எழுதியதெல்லாம் சர்க்கரைப்பாகு. ஒருநாள் வேனில் சாமான் ஏற்றும்போது ஜமீலிடம் ஒரே ஒரு பொய் சொன்னேன், இசைத்தட்டுக் கம்பெனிக்காரன் ஒருவனோடு அவளைச் சேர்த்து. "நான் சொன்னேன்னு சொல்லிடாத தம்பி." அவன் டிரம்ஸ் குச்சியை வேன் தரையில் வைத்தான். அந்த வார முடிவில் அவள் வெளியூரில் பாடிக்கொண்டிருந்தபோது அவள் வீட்டுச் சாவியை மேசையில் வைத்துவிட்டுப் போய்விட்டான்.

'இரண்டாவது சாவி' இசைத்தட்டு அதிலிருந்து வந்தது. நீங்களும் கேட்டிருப்பீர்கள். நாடு முழுக்கத் தொலைக்காட்சியில் காட்டும் விருது விழாவில் அதற்கு இரண்டு பரிசு. இரண்டு தடவையும் செருப்புக் கடன், இரண்டு தடவையும் என் பெயர். தட்டின் அட்டையில் நன்றி சொல்லும் பகுதியில் என் பெயர் இருக்கிறது என்றாள். அப்போது எனக்குப் படிக்கத் தெரியாது. அதற்காகத்தான் தேவாலயத்தின் கீழ்க்கூடத்தில் பெரியவர்களுக்கு நடத்தும் வகுப்பில் சேர்ந்தேன். நானாக எழுத்துக் கூட்டிப் படித்த முதல் வரி, 'தாடியஸ், என் பியானோவைச் சுமப்பவர்.' அட்டையை மூடி வைத்துவிட்டு மறுபடி திறந்து படித்தேன்.

அப்போதுதான் எனக்கு விஷயம் பிடிபட்டது. அவளுக்கு நல்லது நடந்தால் பாட்டு கெடுகிறது. இது நான் கட்டிச் சொன்னதில்லை, மேடம். அது அப்படித்தான் இருந்தது.

ரெனிட்டா கல்யாணம் செய்துகொண்ட வென்டெல் பெட்டிஃபோர்ட் பள்ளிப் பேருந்து ஓட்டுநர். நல்ல மனிதர், அவரைப் பற்றி ஒரு குறையும் நான் எழுத மாட்டேன். வெள்ளிக்கிழமை தோறும் மீன் பொரிப்பார். சுருதியே இல்லாமல் பாடுவார், இவள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிப்பாள். கல்யாணத்துக்குப் பிறகு வந்த இசைத்தட்டில் சோளமாவில் புரட்டிய மீனைப் பற்றிக்கூட ஒரு பாட்டு உண்டு. விருது விழாவில் முன்வரிசையில் உட்கார்ந்தவளை அந்த ஆண்டு நடு வரிசையில் உட்கார்த்தினார்கள். அடுத்த தட்டுக்குத் தூணுக்குப் பின்னால். அதற்கடுத்ததற்கு அழைப்பே இல்லை. கம்பெனி தொலைபேசியில் பேசியே கைகழுவிவிட்டது.

அந்த வருடங்களில் என் பெயரையும் யாரும் எங்கும் சொல்லவில்லை. அது பெரிய விஷயமில்லை. சும்மா எழுதுகிறேன்.

"விருது இல்லாட்டி என்னம்மா, மீன் இருக்கு" என்பார் வென்டெல். அவளும் சிரிப்பாள். பிறகு குளியலறையில் குழாயைத் திறந்து விட்டுக்கொண்டு அழுவாள். சுவர் மெல்லிசு, நான் அங்கே போயிருக்கும்போது எனக்குக் கேட்கும். ஒருநாள் அவர்கள் வீட்டு நிலவறையில் பியானோ முன்னால் கையை மடியில் வைத்து உட்கார்ந்திருந்தாள். என்னைப் பார்த்ததும் சொன்னாள்:

"எல்லாம் வத்திப்போச்சுண்ணே. காலைல எந்திரிச்சா சந்தோஷமா இருக்கு, வாயத் தொறந்தா ஒண்ணும் வரல. கடைக்காரப் பையன் என்னப் பாத்து, நீங்க முன்ன பாடுவீங்கல்லங்கறான். முன்னயாம். எதாச்சும் பண்ணுண்ணே. எனக்குப் பைத்தியம் பிடிச்சிடும்."

எதாச்சும் பண்ணு என்று சொன்னது அவள். இதையும் எழுதிக்கொள்ளுங்கள்.

பியானோவைப் பழுது பார்க்கக் கொடுத்திருந்தோம். திரும்பி வந்த சனிக்கிழமை, வழக்கமாக என்னோடு தூக்குபவனை வரவேண்டாம் என்று சொல்லிவிட்டேன். வென்டெல் சட்டைக் கையை மடித்துக்கொண்டு வந்தார்.

எங்கள் தொழிலில் ஒரு முறை உண்டு. படியில் பாரம் இறக்கும்போது கீழே நிற்பவனுக்கு ஒன்றும் தெரியாது. முகத்துக்கு நேரே சாமான், முதுகுக்குப் பின்னால் படி. மேலே நிற்பவன் பாரத்தைச் சுற்றிய தோள்வாரைக் கையில் பிடித்திருப்பான், அவன்தான் இவனுக்குக் கண். மேலே இருப்பவன் "பிடிச்சிருக்கேன்" என்று குரல் கொடுத்தால்தான் கீழே இருப்பவன் காலை எடுத்து அடுத்த படியில் வைப்பான். கடைசியில் கீழே இருப்பவன் "தரை" என்பான். அந்தச் சொல் வரும்வரை மேலே இருப்பவன், கை முறிந்தாலும், விடக்கூடாது. முப்பது வருடத்தில் நான் விட்டதில்லை.

"நீங்க கீழ நில்லுங்க மாப்ள. மேல நிக்கிறதுதான் சிரமம், அது என் வேல" என்றேன்.

"மச்சான், இது பியானோவா, உங்க பாஸ்டரா? இந்தக் கனம் கனக்குது."

"பாஸ்டர்னா நாலு பேரு வேணும்."

அவர் சிரித்தார். சிரித்தால் பிடி தளரும் என்று சொன்னேன். ரெனிட்டா வெளியே நடைபாதையில் பக்கத்து வீட்டுக்காரியோடு பேசிக்கொண்டிருந்தாள். நிலவறைச் சன்னல் நடைபாதை மட்டத்தில் இருக்கும், திறந்திருந்தது.

பாதிப் படியில் "பிடிச்சிருக்கேன்" என்றேன். அவர் காலை எடுத்தார். நான் விட்டேன்.

மின் இணைப்புக் கொடுக்காத பியானோ அல்லவா, மரம் இடித்த சத்தம் தவிர இசை ஒன்றும் பெரிதாக எழவில்லை. உள்ளே இருந்த கம்பிகள் மட்டும் எல்லாம் சேர்ந்து மெல்லச் சிணுங்கின. கீழேயிருந்து அவர் ஏதோ சொல்லப் பார்த்தார். தரை என்றுதான் சொல்ல வந்தாரோ என்னவோ. ரெனிட்டா வாசல் சுற்றி ஓடி வருவதற்குள் தோள்வாரைக் கத்தியால் அறுத்துவிட்டேன். உங்கள் ஆட்கள் வந்து வார் அறுந்து விபத்து என்று எழுதிக்கொண்டு போனார்கள். நன்றாகத்தான் நடந்துகொண்டார்கள், ஒருவர் எனக்குத் தண்ணீர் கொடுத்தார்.

அடக்கத்தன்று ரெனிட்டா பாடவில்லை. எனக்குக் கவலையாகிவிட்டது. குளிர்காலம் வந்த பிறகுதான் நிலவறைக்கு இறங்கினாள். பியானோவின் ஒரு முனை நசுங்கி, ஒரு கட்டையை அழுத்தினால் இரைந்தது. சரி செய்து தருகிறேன் என்றேன். "தொடாத" என்றாள். அந்த இரைச்சலோடுதான் அடுத்த இசைத்தட்டு முழுவதையும் பதிவு செய்தார்கள். அதற்கு 'தரை' என்று பேர் வைத்தாள். நல்ல பெயர்.

அதற்குத்தான் எல்லாவற்றிலும் பெரிய விருது வந்தது. அந்த அரங்கத்தில், வாடகைக் கோட்டுப் போட்டுக்கொண்டு, நாலாவது வரிசையில் இருந்தேன். அவள் பெயரைச் சொன்னதும் எல்லோரும் எழுந்து நின்றார்கள். இருபது வருடம் நான் தூக்கிய பாரமெல்லாம் அந்த நிமிஷத்தில் இறங்கினது போல இருந்தது. மேடையில் அவள் "வென்டெல்" என்றாள். இறங்கிவிட்டாள். செருப்பைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லை. பதற்றத்தில் மறந்திருப்பாள்.

திரும்பும்போது காரில் கேட்டாள்:

"அண்ணே, நீ பிடிச்சிருக்கேன்னு சொன்னது சன்னல் வழியா என் காதுல விழுந்துச்சு. அதுக்கப்புறமா வார் அறுந்துச்சு?"

"ஆமாம்மா."

"நீ பிடிச்சிருந்தே."

"ஆமா."

என் வீட்டு வாசலில் என்னை இறக்கிவிட்டுப் போனாள். அந்தப் பரிசை என் குளிர்சாதனப் பெட்டிமேல் வைக்கக் கொடுக்கவில்லை. இடமும் இல்லைதான்.

அது நடந்து மூன்று வருடம் ஆகிறது. அவள் பாடவில்லை. என்னோடு பேசவுமில்லை. பியானோ மூடியே கிடக்கிறது என்று பக்கத்து வீட்டுக்காரி சொல்கிறாள். இந்த வருடம் நகர மன்றத்தார் இசைக்கலைஞர்களைக் கௌரவிக்கும் நடைபாதையில் அவள் பெயரை வெண்கலத்தில் பதிக்கிறோம் என்று வந்தார்கள். எல்லோருக்கும் கிடைப்பதில்லை அது. "வேண்டாம், நடக்கிறவங்க காலில குத்தும்" என்று அனுப்பிவிட்டாளாம். எனக்கு அன்று சோறு இறங்கவில்லை. மறந்துவிடுவார்கள், மேடம். ஜனங்கள் எவ்வளவு வேகமாக மறப்பார்கள் என்று உங்களுக்குத் தெரியாது, தூணுக்குப் பின்னால் உட்கார்ந்தவர்களுக்குத்தான் தெரியும்.

போன செவ்வாய்க்கிழமை என் வீட்டுக் கதவிடுக்கில் ஓர் உறை. உள்ளே முப்பத்தெட்டு டாலர், இரண்டு கால் டாலர் நாணயம். ஒரு எழுத்துகூட இல்லை. இப்போது எனக்குப் படிக்கத் தெரியும், எழுதியிருக்கலாம். உறையைத் தலைகீழாகத் தட்டிப் பார்த்தேன்.

ஆக, கடன் தீர்ந்துவிட்டது. கடன் அடையும்வரை பாடுவேன் என்று சொன்னவள் அவள். அன்று இரவு முழுக்க உட்கார்ந்து யோசித்தேன், எனக்குப் புரிந்துவிட்டது. அவளுக்குப் பாதிதான் தெரிகிறது. சந்தேகமாக இருப்பது தொண்டையில் அடைத்துக்கொண்டுதான் நிற்கும், பாட்டாகாது. முழுசாகத் தெரிந்தால் வந்துவிடும். அம்மா போனதற்கும், ஜமீல் போனதற்கும், வென்டெல் போனதற்கும் வந்ததே. இது அவை எல்லாவற்றையும் விடப் பெரியது. அவளுக்குக் கொடுக்க இனி என்னிடம் இது ஒன்றுதான் இருக்கிறது, அதனால்தான் யாரும் கூப்பிடாமல் நானே உங்களிடம் வந்தேன். ஜமீலைப் பற்றியும் மறைக்காமல் எழுதியிருக்கிறேன், அதையும் சேர்த்துச் சொல்லுங்கள்.

வென்டெல் பெட்டிஃபோர்டை நான்தான் கொன்றேன். வேண்டுமென்றே கையை விட்டேன். கீழே கையெழுத்துப் போடுகிறேன்.

அவளிடம் காலையில் போய்ச் சொல்லுங்கள், வெந்நீரும் தேனும் குடித்துத் தொண்டை திறந்த பிறகு. முடிந்தால் பியானோவின் மூடியைத் திறந்து வைத்துவிட்டு வாருங்கள்.

எனக்காக நான் எதையும் செய்ததில்லை. எப்படியும் இரண்டு வருடத்தில் ஓர் இசைத்தட்டு வரும், அவளை மேடைக்குக் கூப்பிடுவார்கள், அன்றைக்கு என் பெயரைச் சொல்லாமல் அவளால் இறங்க முடியாது. சிறையில் அந்த நேரத்தில் தொலைக்காட்சி பார்க்க விடுவார்களா என்று மட்டும் விசாரித்துச் சொல்லுங்கள்.