தண்ணி லாரி மேல மூணு குழாய்

இல்லக்கா, உள்ள எல்லாம் வேணாம். இங்கயே நிக்கிறேன். கையெழுத்து போட்டுட்டீங்களா, முதல்ல அதைச் சொல்லுங்க.

அப்பாடா. நாளைக்குத்தான் வர்றாங்களா? அப்ப சரி. மூணு பஸ் மாறி வந்தேன், வழியெல்லாம் இதே பயம்தான்.

ஆமா, அந்த ட்ரோன் கம்பெனிதான். ஆனா அவங்க அனுப்பல. அனுப்பியிருந்தா கையில மாலையும், மூஞ்சில ஒரு சோகமும் மாட்டிவிட்டிருப்பாங்க. நானா வந்தேன். தெரிஞ்சா வேலை போயிரும். போகட்டும், பெரிய மகாராணி வேலை பாருங்க.

சரி, உக்காருறேன். ஒண்ணும் வேணாம்க்கா, நிஜமா. குழந்தை தூங்குதா? எனக்கு மெதுவா பேச வராது. ஸ்பீக்கரை முழுங்கிட்டுப் பொறந்தியாடின்னு எங்கம்மா கேப்பாங்க.

பதினெட்டு முடிஞ்சு நாலு மாசம் ஆகுது. படிப்பா? பத்தாவதோட நிறுத்திட்டேன், எனக்குப் பிடிக்கல. இந்த வேலைக்கு சர்டிபிகேட்டே கேக்கலக்கா. கண்ணு நல்லாத் தெரியுமா, ரொம்ப நேரம் உக்காருவியான்னு கேட்டாங்க. அவ்ளோதான்.

என்ன வேலைன்னா, கட்டம் போடுற வேலை. ட்ரோன் மேலேர்ந்து எடுத்த படம் வரும். அதுல வண்டி இருந்தா மவுசால சுத்தி ஒரு கட்டம் போடணும். பக்கத்துல பட்டன் இருக்கும். லாரி, டேங்க், ராக்கெட் வண்டி, ஆள், அப்படி. எதுன்னு பாத்து அழுத்தணும். இப்படி லட்சக்கணக்கா படம். அதைப் பாத்துப் பாத்துத்தான் மெஷின் கத்துக்குது. கம்பெனில பெரிய பெரிய இன்ஜினியர்லாம் இருக்காங்க, ஆனா மெஷினுக்கு எது என்னன்னு சொல்லிக்குடுக்கிறது எங்க ரூம்தான். எண்பது பேரு, முக்காவாசி என்னை மாதிரி படிப்பை விட்டது.

கடைசில ஒரு பட்டன் இருக்கும், தெரியலன்னு. அதை அழுத்தினா ஒரு ஃபாரம் தொறக்கும். ஏன் தெரியல, எதனால தெரியல, நிழலா, மேகமான்னு நாலு கேள்வி. அதுக்குள்ள பக்கத்து சீட்டுக்காரி இருபது படம் முடிச்சிருவா. சேந்த புதுசுல நான் அதை நிறைய அழுத்துவேன். தெரியலன்னா தெரியலன்னுதானே சொல்லணும்? எங்க சூப்பர்வைசர், கடிகாரம்னு பேர் வெச்சிருக்கோம், எப்பவும் மணிக்கட்டைப் பாத்துக்கிட்டே வருவாரு. அவரு எல்லார் முன்னாடியும், அம்மா தாயே, உனக்குத் தெரிஞ்சது ஏதாவது இருந்தா அதைச் சொல்லுன்னாரு. ரூமே சிரிச்சுது. அப்புறம் நானும் அழுத்துறதை விட்டுட்டேன். அங்க யாருமே அழுத்த மாட்டாங்கக்கா.

சுத்தி வளைச்சு எல்லாம் பேசல. இதைச் சொன்னாத்தான் அது புரியும்.

நாளைக்கு வர்ற ஆபீசர் நல்லாத்தான் பேசுவாரு. அந்தக் காகிதத்துல ரெண்டாவது பக்கத்துல நடுவுல ஒரு வரி இருக்கும். நம்ம வண்டிதான்னு காட்டுற விளக்கை ஓட்டுநர், அதான் உங்க வீட்டுக்காரர், எரியவிடாம போனாரு, அதனாலதான் நம்ம ட்ரோனே அவரை அடிச்சுதுன்னு. கடிகாரம் மேசைல நகல் இருந்துச்சு, படிச்சேன். நீங்க கையெழுத்து போட்டா அவர் மேல தப்புன்னு எழுதி ஃபைலை மூடிருவாங்க.

நீங்களும் நம்பிட்டீங்களா?

மறதிக்காரர்தான், சரி. வீட்டு சாவியை மறக்கிறது வேற, இது வேறக்கா.

என்னது? மூணு வாரமாவா? போட்டோவைப் பாத்தா திட்டுறீங்களா? ஒரு சுவிட்சைப் போட மாட்டியாடா பாவின்னா? ஐயோ அக்கா. இருங்க. இருங்க, இதைக் கேளுங்க. விளக்கு எரிஞ்சுது. கூரை மேல விட்டு விட்டு எரிஞ்சுக்கிட்டே இருந்துச்சு. நான் பாத்தேன்.

வீடியோல. சம்பவம் நடந்த மூணாம் நாள் அந்த ட்ரோன் எடுத்த கடைசி வீடியோ எங்க ரூமுக்குத்தான் வந்துச்சு. சரியான பட்டனை மாத்திப் போட்டு அனுப்புங்கன்னு. என்ன ஏதுன்னு சொல்லல. நான்தான் தேதியைப் பாத்தேன். மத்தியானம் பேப்பர்ல அவர் போட்டோவைப் பாத்தேன்.

அழுங்க. நான் இருக்கேன்.

அவரா? நாலு நிமிஷம்தான் இருக்கு. பாதில வண்டியை ஓரமா நிறுத்தினாரு. இறங்கி ஒவ்வொரு டயரையும் உதைச்சுப் பாத்தாரு. அப்புறம் இடுப்புல கை வெச்சுக்கிட்டு கொஞ்ச நேரம் சும்மா நின்னாரு. வீட்லயும் அப்படித்தான் நிப்பாரா? மேலேர்ந்து மூஞ்சி தெரியாதுக்கா, தலையும் தோளும்தான். பயந்த மாதிரி இல்ல. அவருக்குத் தெரியவே இல்ல. மறுபடி ஏறி, ஒழுங்கா ரோட்லதான் போனாரு.

அதுக்கப்புறம் நான் பாக்கல. பாத்தேன், ஆனா சொல்ல மாட்டேன்.

விளக்கு எரிஞ்சும் ஏன் அடிச்சாங்கன்னா, மெஷினுக்கு விளக்குன்னா என்னன்னே தெரியாது. எங்க பட்டன்ல விளக்குன்னு ஒண்ணு கிடையாது. நாங்க சொல்லிக்குடுக்கல, எங்களுக்கும் யாரும் சொல்லல. அது பாத்ததெல்லாம் அவரோட தண்ணி லாரி முதுகுல கயித்தால கட்டியிருந்த மூணு பிளாஸ்டிக் குழாயைத்தான். தண்ணி இறைக்கிற குழாய். மேலேர்ந்து பாத்தா உருண்டையா நீளமா வரிசையா, ராக்கெட் ஏவுற குழல் மாதிரியே இருக்கும். ராக்கெட் வண்டி, தொண்ணூத்தி நாலு சதவீதம்னு ஸ்கிரீன்ல காட்டிருச்சு. அந்த ஸ்கிரீன் முன்னாடி உக்காந்திருக்கிற ராணுவ ஆபீசருக்கு ஆமாவா இல்லையான்னு சொல்ல எட்டே செகண்டு. எட்டு செகண்டுல நீங்க என்ன பாப்பீங்க? நான் ஒரு தடவை எண்ணிப் பாத்தேன், கொட்டாவி விட்டு முடியல.

அந்த ஆபீசரை நான் குறை சொல்லல. அவருக்கும் தெரியலன்னு ஒரு பட்டன் இருந்திருக்காது.

மெஷின் தானா அதை ராக்கெட் வண்டின்னு முடிவு பண்ணல. யாரோ சொல்லிக்குடுத்துதான் அதுக்குத் தெரியும். போன வருஷம் நம்ம ராணுவமே நம்ம லாரி டிப்போ மேல ட்ரோனைப் பறக்கவிட்டு பழக்கத்துக்குப் படம் எடுத்தாங்க. அதுல இதே மாதிரி தண்ணி லாரி, இதே குழாய். எங்க ரூம்ல ஒருத்தர் அதுக்கு ராக்கெட் வண்டின்னு அழுத்திட்டாங்க. முதல் படத்துல ஒரு தடவை அழுத்தினாப் போதும், அந்த வண்டி வர்ற அடுத்த நானூறு படத்துக்கும் அதுவே ஒட்டிக்கும். நூத்துக்கு ரெண்டு படம்தான் திரும்பப் பாப்பாங்க. இது அதுல மாட்டல.

சொல்றேன். யாருன்னு சொல்றேன்.

அதுக்கு முன்னாடி இதைக் கேளுங்க. அந்த டிப்போல இதே மாதிரி பதினோரு லாரி இன்னும் ஓடிக்கிட்டு இருக்கு. எல்லாத்துலயும் குழாய் கட்டியிருக்கு. விளக்கை எரியவிடுங்கன்னு டிரைவருங்களுக்கு ஒரு சுத்தறிக்கை அனுப்பியிருக்காங்க, அவ்ளோதான். கடைசி வீடியோவுல மட்டும்தான் பட்டனை மாத்தியிருக்கோம். அந்தப் பழைய நானூறும் அப்படியேதான் கிடக்கு. தப்பு டிரைவர் மேலன்னு ஆயிருச்சுன்னா எவன் அதைத் தோண்டப் போறான்? நான் கடிகாரத்துக்கிட்ட சொன்னேன். உன் வேலையைப் பாருன்னாரு. மேல இருக்கிற மேடத்துக்கு எழுதினேன். நன்றின்னு ஒரு வரி பதில் வந்துச்சு.

அதனால நாளைக்கு கையெழுத்து போடாதீங்க. வீடியோவைக் காட்டுங்கன்னு கேளுங்க. காட்ட மாட்டோம்பாங்க. அப்ப, அந்த லாரிக்கு முதல்ல கட்டம் போட்டது யாருன்னு கேளுங்க. மெஷின் தப்பு, ஆள் யாரும் இல்லம்பாங்க. ஆள் இருக்கு. ஒவ்வொரு கட்டத்துக்குப் பின்னாடியும் போட்டவங்க நம்பர் இருக்கும், நான் தொறந்து பாத்துட்டேன். பேனா இருக்கா? எழுதிக்கோங்க. எழுபத்தாறு. விசாரணைக்கு அந்த நம்பரைக் கூப்பிடுங்கன்னு எழுதிக் குடுங்க. கூப்பிட்டா வரும், மறைக்காம சொல்லும்.

எப்படி அவ்ளோ உறுதியாவா?

நான்தான்க்கா அது. காலைல ஒரு பதினோரு மணி இருக்கும். டீ வந்திருந்துச்சு, ஆறிரும்னு அந்தப் படத்தை சீக்கிரமா முடிச்சுட்டு எந்திரிச்சேன்.