பத்திரிகையில் போட்ட பேர்கள்

திருமயத்தில் பஸ் நின்றது. முன் சீட்டுப் பெண் போனை வைத்துவிட்டுத் தோழியிடம் கத்தினாள்.

"அடியே, செத்துப்போன எங்க பெரியப்பாவையும் ஐகோர்ட்டு விட்டிருச்சுடி!"

"செத்தவரு மேலயா கேஸு?"

"எங்க அண்ணன் பொண்டாட்டி இருக்காளே, அந்த மதினி வீட்டுல கல்யாணப் பத்திரிகையைப் பாத்து, அதுல இருந்த பேரையெல்லாம் வரதட்சணைப் புகார்ல எழுதிட்டாங்க. எம் பேரையுந்தான். இப்ப எங்களையெல்லாம் கேஸுலேருந்து எடுத்தாச்சாம். வக்கீல் சொல்றாரு."

"ஒங்க அண்ணனையுமா?"

"அண்ணன் பேரை எடுக்கல."

"அய்யய்யோ!"

"என்ன அய்யய்யோ? மதினி கையில அவன் சூடு வச்சதை நான் கண்ணால பாத்தேன். இத்தன நாளா நானும் குத்தவாளி. சொன்னா யாரு நம்புவா? இனிமே சாட்சிக் கூண்டுல ஏறிச் சொல்லுவேன்."

"மதினிக்குத் தெரியுமா?"

"அதைச் சொல்லத்தான் இலுப்பூருக்கு, அவ வீட்டுக்குப் போறேன்."