சனிக்கிழமை ரெண்டு சாவு

— முப்பது ரூபாங்க.

— எது?

— உங்க புள்ள உசுரு. மந்தாரக்குப்பத்து சிடி கடையில. நான் பேசி இருபத்தஞ்சுக்கு வாங்கினேன்.

— விருத்தா… எனக்குப் புள்ளயே இல்லன்னு ஆறு வருஷத்துக்கு முன்னாடியே சொல்லிட்டேன்.

— சரி, என் புள்ள. இளவழகன்னு பேரு. லண்டன்ல இருக்கான். கேள்விப்பட்டிருக்கீங்களா?

— இன்ஜினியருக்கு மேல படிக்கப் போன ஒருத்தனைத் தெரியும். கூத்தாடியைத் தெரியாது.

— கூத்தாடி இல்ல, பிரிட்டிஷ் நடிகன். அந்த ஊரு பாஸ்போர்ட்டே குடுத்துட்டாங்க. நம்ம குவார்ட்டர்ஸ் பிளாக்லதான் இன்னும் மைன்ஸ் ஆபரேட்டர் கருணாகரன் பையன்னு உங்க பேரச் சொல்லிக்கினு இருக்காங்க.

— இந்தப் படத்துல தொரை என்ன வேஷம்?

— டாக்ஸி டிரைவர்.

— எம்பத்தெட்டு பர்சென்ட் வாங்கினவன்.

— நல்லாத்தான் ஓட்டறான். மூணு நிமிஷம். அப்புறம் சுட்டுடறாங்க.

— மறுபடியுமா…

— மறுபடியுமாவா? முன்னாடி செத்ததெல்லாம் உங்களுக்கு எப்படித் தெரியும்?

— நீ ஹால்ல உக்காந்து ஒப்பாரி வெச்சா தெருவுக்கே தெரியும். மொதல்ல ஆஸ்பத்திரி சீரியல்ல செத்தான். அப்புறம் கப்பலோட முழுகினான். அப்புறம் குண்டு வெக்கிறவனா வந்து, அவன் வெச்ச குண்டுலயே போனான். நல்லவனா ஒரு வேஷம் குடுக்க மாட்டானுங்களா வெள்ளைக்காரனுங்க?

— நம்ம படத்துல வெள்ளைக்காரன் வந்தா மட்டும் நல்லவனாவா காட்டறோம்?

— அது வேற… நடிப்புக்குப் போயி நீ ஏன் அழறே?

— நடிப்புன்னுதான் அழறேன். மூணாங்கிளாஸ் படிக்கறப்ப அவன் தலையில காக்கா கொத்துச்சே, ஞாபகம் இருக்கா?

— இல்லாம? பையன் போய்ட்டான்னு நெல்லிக்குப்பத்துல உங்கண்ணனுக்குப் பொய்ச் சேதி சொல்லி விட்டே. மனுஷன் நெஞ்சுல அடிச்சிக்கினு பஸ் ஏறி வந்தார். இங்க இவன் இட்லி தின்னுக்கினு முழிக்கிறான்.

— பொய்ச் சாவுக்கு ரத்த சொந்தம் நெஜமா அழுதா தோஷம் கழியும், ஆயுசு கூடும். அழலேன்னா அந்தப் பொய்யி அப்படியே நிக்கும், ஒரு நாள் நெஜமாயிடும். படத்துல சாவறதும் பொய்ச் சாவுதானே? அதான் ஒண்ணொண்ணுக்கும் சிடி வாங்கிப் போட்டு அழுது கழிக்கிறேன்.

— உங்கண்ணன் அதுக்கப்புறம் மூணு மாசம் நம்மகிட்ட பேசல.

— நீங்க ஆறு வருஷமா புள்ளகிட்ட பேசல. எங்கண்ணன் எவ்வளவோ தேவல.

— சரி, வாங்கின சிடிக்கு அழுதுட்டு வேலையப் பாரு.

— சிடி கெடக்கட்டும், இப்ப அவன் நடிக்கிறது சினிமா இல்லீங்க, மேடை நாடகம். பெரிய வேஷம். ராஜாவோட தம்பியா வர்றான், கடைசியில விஷம் வெச்சிடறாங்க. ஐப்பசியில ஆரம்பிச்சது, அடுத்த வாரம் முடியுது. தினம் சாவறான். சனிக்கிழமை மேட்னியும் உண்டு, அன்னிக்கு ரெண்டு சாவு. இதுக்கு சிடி கெடையாதாம். பார்க்காம எனக்கு அழுகை வர மாட்டேங்குது. அத்தனையும் அழாம நிக்குது… பயமா இருக்குங்க.

— நிக்கல.

— என்னது?

— ஒண்ணுமில்ல. டீ போடு.

— நாடகம் முடிஞ்சதும் பொங்கலுக்கு வரட்டுமான்னு கேக்கறான். வாசப்படி மிதிக்காதேன்னு சொன்னது நீங்க. நீங்களே வான்னு சொன்னாத்தான் டிக்கெட் போடுவானாம்.

— யோசிக்கலாம்.

— எப்ப யோசிப்பீங்க? பகல் பூரா தூங்கறீங்க. இந்த வயசுல கூட வேலை செய்யற செங்குட்டுவன்கிட்ட ஷிஃப்ட் மாத்திக்கினு ரெண்டு மாசத்துக்கு மேல நைட்டு போறீங்க. ஏன்னு கேட்டா வாயத் தொறக்கல.

— லண்டன்ல ராத்திரி பத்து மணின்னா… இங்க விடிகாலை மூணரை.

— அது எனக்குத் தெரியும். உங்களுக்கு யாரு சொன்னது?

— நீ ஸ்பீக்கர் போட்டுப் பேசினா பேப்பர் படிக்கிறவன் காதுல வுழாதா? டாண்ணு பத்து மணிக்கு மேடையில செத்து வுழுவேம்மான்னு அவன்தான் சொன்னான்.

— எனக்குக் காது நல்லாத்தான் கேக்குது. ஸ்பீக்கர் யாருக்குப் போட்டேன்னு நெனச்சீங்க?

— தெரியும். அதான் ஒரே பக்கத்தைப் படிச்சிக்கினு உக்காந்திருந்தேன்.

— மூணரைக்கு என்ன பண்றீங்க?

— மெஷின் கேபின்ல நான் ஒருத்தன்தான். நிலக்கரி பெல்ட்டு ஓடற சத்தத்துல வெளியில எதுவும் கேக்காது. எனக்கு சிடி எல்லாம் வேணாம். இட்லியக் கையில வெச்சிக்கினு முழிச்சானே… அந்த மூஞ்சிய நெனச்சாப் போதும்.

— தினமுமா?

— ஞாயித்துக்கிழமை அவனுக்கு லீவு. நானும் அன்னிக்குத்தான் லீவு வாங்கிக்கினேன்.

— அப்ப… கணக்கு நேராயிடுச்சா?

— எங்க ஆச்சு? சனிக்கிழமை மேட்னி இருக்கே. அந்தச் சாவு இங்க ராத்திரி பத்தரைக்கு வருது. அப்பத்தான் ஷிஃப்ட் மாறி, சுத்தி ஆளுங்க நிப்பாங்க. அவனுங்க எதிர்ல எப்படி அழறது? இதுவரைக்கும் பத்து சனிக்கிழமை, பத்து சாவு பாக்கி. போனைப் போடு… ஸ்பீக்கர் வேணாம், என் கையில குடு. வரச் சொல்றேன். அவனை எதிர்ல உக்கார வெச்சு மொத்தமா அழுது தீர்த்துடறேன்.